வராத நோட்டீஸ்

ஏப்ரல் 17, வெள்ளி

இந்த டைரி வங்கிக்காரர்களே ஜனவரியில் இலவசமாகக் கொடுத்தது. கெட்டி அட்டை, ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் ஒரு வாசகம். இன்றைய வாசகம்: ‘உங்கள் வளர்ச்சியில் என்றும் உங்களோடு.’ சொன்னபடியே இன்று காலை பதினொரு மணிக்கு என்னோடு இருந்தார்கள். இரண்டு அதிகாரிகள், ஒரு போட்டோக்காரர், பசை வாளியோடு ஒரு ஆள். என் ஐஸ் கம்பெனியின் இரும்புக் கதவில் ஒரு நோட்டீஸை ஒட்டி, அதன் பக்கத்தில் நின்று போட்டோவும் எடுத்துக்கொண்டார்கள்.

“இது என்ன சார்?”

“சுவாதீன நோட்டீஸ் சார். இன்னையிலேர்ந்து சட்டப்படி இந்த எடம் பேங்க்கோடது. சாவி இப்ப வேணாம். ஏலத்துக்கு முன்னாடி வாங்கிக்கிறோம்.”

“அப்ப உள்ள சிலிண்டர்ல இருக்க அமோனியாவும் ஒங்களுதுதான? அதையும் கொஞ்சம் பாத்துக்கிடுங்க. கசிஞ்சா இந்தத் தெருவே காலி பண்ணணும்.”

பெரிய அதிகாரி இரண்டு அடி பின்னால் போய் மூக்கைத் தொட்டுக்கொண்டார். இன்றைக்கு எனக்குக் கிடைத்த ஒரே சந்தோஷம் அதுதான்.

மதுரை வக்கீல் நெல்லைநாயகத்துக்குப் போன் போட்டேன். “ஓய் மச்சாடோ, இன்னையில இருந்து நடக்கிறத எல்லாம் தேதி போட்டு எழுதி வையும். இந்தக் கேஸே தேதியிலதான் நிக்கும்” என்றார். அதனால்தான் இந்த டைரி. வக்கீல் கைக்குப் போகும் என்பதால் முறையாகவே ஆரம்பிக்கிறேன். பெயர் இன்னாசி மச்சாடோ. வயது ஐம்பத்தாறு. தூத்துக்குடி மீன்பிடித் துறைமுகத்துக்குப் பின்னால் ‘மாதா ஐஸ்’ நடத்துகிறேன். விசைப்படகுகளுக்கு ஐஸ் கொடுப்பது தொழில். முந்தாநாள் மீன்பிடித் தடைக்காலம் தொடங்கிவிட்டது. ஜூன் பாதி வரை விசைப்படகு கடலுக்குப் போகாது. படகு போகாவிட்டால் ஐஸ் போகாது, ஐஸ் போகாவிட்டால் தவணை போகாது. இது கடன் கொடுத்தபோதே அவர்களுக்குத் தெரிந்த விஷயம்.

செலியிடம் எதுவும் சொல்லவில்லை. செலஸ்டினா என் மனைவி.

ஏப்ரல் 18, சனி

இரண்டு பத்திரிகைகளில் விளம்பரம் வந்துவிட்டது. என் பெயர், செலியின் பெயர், ஐஸ் கம்பெனி, வீடு, இரண்டுக்கும் நான்கு எல்லைகள். வீடு அவளுடையது, அவள் அப்பா கொடுத்தது. புதிய கம்ப்ரஸருக்குக் கடன் எடுத்தபோது ஜாமீனுக்கு அதையும் வைத்தோம். வைத்தோம் என்றால், அவள் அடுக்களையில் சீலா மீன் பொரித்துக்கொண்டிருந்தாள், நான் காகிதத்தை நீட்டினேன், கையைத் துடைத்துவிட்டுக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள். படித்திருக்க மாட்டாள்.

விளம்பரம் அவள் கண்ணில் படக் கூடாது என்று விடிந்ததும் போய்த் தெருமுனைக் கடையில் இருந்த பதினோரு பிரதிகளையும் வாங்கிவந்தேன்.

“எதுக்கு இம்புட்டு பேப்பரு?” என்றாள்.

“ஐஸ் சுத்த.”

“தடைக்காலத்துல யாருக்கு ஐஸு?”

கோயிலுக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பிவிட்டேன். கோயிலில் அந்த நேரத்துக்குப் பூசை கிடையாது. சும்மா அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தேன்.

ஏப்ரல் 20, திங்கள்

தண்ணீர் ஊற்றி உறையவைக்கும் ஐஸ் கேன்களில் நானும் வேலையாட்களும் துரு சுரண்டினோம். முப்பது முடிந்தது, இருநூற்றுப் பத்து பாக்கி. முதுகு இல்லை.

ஏப்ரல் 22, புதன்

மதுரைக்குப் போய் வக்கீலைப் பார்த்தேன். நாம் போக வேண்டிய இடத்தின் பெயர் கடன் மீட்புத் தீர்ப்பாயம். கடன்காரனைக் காப்பாற்றச் சொல்லிப் போகிற இடத்துக்கு இப்படி ஒரு பெயர். ஆட்டைக் காப்பாற்ற வேண்டுமானால் கசாப்புக் கடையில் மனுக் கொடு என்பது போல இருக்கிறது என்றேன். வக்கீல் சிரிக்கவில்லை. அவர் முன்பணம் வாங்கும் நேரத்தில் சிரிப்பதில்லை.

“ஜனவரியில பேங்க்காரன் அறுபது நாள் நோட்டீஸ் ஒண்ணு அனுப்பியிருப்பானே. வாங்குனீரா?”

“இல்லையே.”

“நெசமா?”

“மாதா மேல சத்தியமா என் கையால வாங்கல.”

இதில் பொய் கிடையாது. எங்கள் துறைமுகத் தெருவில் பதிவுத் தபால் வாங்காமல் இருப்பது ஒரு வித்தை. நீல நிறத்தில் கவர் தெரிந்தாலே ஆள் இருக்க மாட்டான். வலைக்கடை பவுலின் ஏழு வருஷமாக ஒரு கையெழுத்தும் போடாமல் நிம்மதியாக இருக்கிறான். வாங்காத நோட்டீஸ் வராத நோட்டீஸ் என்பது இங்கே எல்லாருக்கும் தெரிந்த சட்டம். ஜனவரியில் போஸ்ட்மேன் முத்துக்குட்டி மூன்று நாள் வீட்டுக்கும் கம்பெனிக்குமாக வந்தார். மூன்று நாளும் நான் ஐஸ் அடுக்கும் அறைக்குள் இருந்தேன். மூன்றாம் நாள் அவர் பக்கத்துக் கடையில் நின்று பேசிக்கொண்டே இருந்ததால் அரை மணி நேரம் ஆகிவிட்டது. வெளியே வந்தபோது பல் கிட்டிப் போயிருந்தது. செலி ஒன்றும் கேட்காமல் மிளகு ரசம் வைத்துக் கொடுத்தாள். நாலாம் நாள் முத்துக்குட்டி வரவில்லை. ஜெயித்துவிட்டேன் என்று நினைத்துக்கொண்டேன்.

“அப்ப அதான் நம்ம முக்கியப் பாயிண்டு” என்றார் வக்கீல். “நோட்டீஸே கெடைக்கலைன்னா அதுக்கு மேல அவன் செஞ்சது எல்லாமே செல்லாது. ஆனா ஒண்ணு, எங்கிட்ட மறைச்சீர்னா ரெண்டு பேரும் சேந்து முங்குவோம்.”

மறைக்க என்ன இருக்கிறது?

ஏப்ரல் 30, வியாழன்

மனு தயார். செலி ஜாமீன்தாரர் என்பதால் அவளும் கையெழுத்துப் போட வேண்டுமாம். வேறு வழியில்லாமல் விஷயத்தைச் சொல்ல வேண்டியதாயிற்று. எப்படி ஆரம்பிப்பது என்று இரண்டு நாள் யோசித்து, கடைசியில், “செலி, பேங்க்ல ஒரு சின்ன பிரச்சினை” என்று ஆரம்பித்தேன்.

“தெரியும். பேப்பர்ல என் பேருல ஒரு எழுத்த விட்டுட்டான்” என்றாள். எதிர் வீட்டில் வாங்கிப் பார்த்திருக்கிறாள். பதினோரு பிரதிக்குக் கொடுத்த காசு வீண்.

கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மனுவின் தமிழ் நகலை ஒரு மணி நேரம் வாசித்தாள். இடையில் உலை வைக்க ஒரு தடவை எழுந்தாள். பிறகு விரலை ஓர் இடத்தில் வைத்தாள்.

“இந்த ஆறாம் பத்திய யாரு எழுதுனது?”

“வக்கீல்.”

“ரெண்டு பேருக்குமே நோட்டீஸ் வரலைன்னு போட்டிருக்கே.”

“ஆமா, வரல.”

“நல்லா யோசிச்சுப் பாருங்க. ஜனவரியில—”

“ஏட்டி, கோர்ட்டு விஷயத்துல நீ வந்து எனக்குப் பாடம் எடுக்காத. வக்கீலுக்குத் தெரியாததா ஒனக்குத் தெரியும்?”

கண்ணாடியைக் கழற்றினாள். “அப்ப நா இதுல கையெழுத்துப் போடல. ஒங்க பேருல மட்டும் போடுங்க” என்று சொல்லிவிட்டுச் சோற்றை வடிக்கப் போனாள். பெண்களுக்குக் கோர்ட் என்றால் பயம் என்று வக்கீலிடம் சொன்னேன். என் பெயரில் மட்டும் தாக்கல் செய்துவிட்டார்.

மே 9, சனி

ஏல அறிவிப்பு. ஜூன் 12. இந்த முறை வீட்டுச் சுவரிலும் ஒட்டிவிட்டார்கள். செலி வாசலில்தான் நின்றாள். பசை வாளிக்காரர் கூச்சப்பட்டு, “அக்கா, ஓரமா ஒட்டுதேன்” என்றார். “கோணலா ஒட்டாதீங்க” என்று மட்டும் சொன்னாள்.

தெரு முழுவதும் வந்து வாசித்தது. பவுலினும் வந்தான். “மச்சான், நீ வாங்கலைல்லா? அப்ப பேங்க்காரனால ஒண்ணும் பண்ண முடியாது” என்று தோளைத் தட்டினான். அவன் கடை வாடகைக் கடை என்பது எனக்கு அப்போதுதான் ஞாபகம் வந்தது. அவனிடம் ஏலம் போட என்ன இருக்கிறது?

மே 10, ஞாயிறு

செலி பூசையில் அழுதாள். நான் பார்க்காத மாதிரி இருந்துகொண்டேன்.

மே 14, வியாழன்

கேன் எல்லாம் சுரண்டி முடிந்தது. வர்ணம் அடிக்கிறோம். வங்கியின் சொத்துக்கு என் செலவில் வர்ணம்.

மே 20, புதன்

முதல் விசாரணை. அங்கே உயரத்தில் உட்கார்ந்திருப்பவரை நீதிபதி என்று சொல்லக் கூடாதாம், தலைமை அதிகாரி என்று சொல்ல வேண்டுமாம். கறுப்பு அங்கி போட்டு உயரத்தில் உட்கார்ந்தால் எனக்கு நீதிபதிதான். நடுத்தர வயது அம்மா. முகத்தைப் பார்த்து ஒன்றும் கண்டுபிடிக்க முடியவில்லை.

நெல்லைநாயகம் பிரமாதமாகப் பேசினார். என் கட்சிக்காரருக்கு நோட்டீஸ் என்ற ஒன்று வரவே இல்லை, ஒரு குடிமகனை இருட்டில் வைத்துவிட்டு அவன் சொத்தில் கை வைப்பதா என்று மேசையை ஒரு தட்டுத் தட்டினார். எனக்கே என் மேல் பரிதாபம் வந்துவிட்டது.

வங்கி வக்கீல் சின்னப் பெண். குரலே உயர்த்தவில்லை. கோப்பிலிருந்து ஓர் அட்டையை எடுத்து மேலே கொடுத்தாள். தபால் வாங்கியதற்கான ஒப்புகை அட்டை. ஜனவரி 27. முகவரி எங்கள் வீடு. கையெழுத்து: செ. செலஸ்டினா. தெளிவான, பள்ளிக்கூட எழுத்து.

நீதிபதி அம்மா அட்டையைப் பார்த்தார், மனுவைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். “சத்தியப் பிரமாணத்துல இப்படிச் சொல்லியிருக்கீங்களே” என்றார். நான் ஐஸ் அறைக்குள் இருந்தபோது கூட இவ்வளவு குளிரவில்லை. 28-ஆம் தேதிக்கு ஒத்திவைத்துவிட்டார்கள்.

தாழ்வாரத்தில் வக்கீல் என்னைச் சுவரோரம் நிறுத்தினார்.

“ஓய், மாதா மேல சத்தியம்னீரே!”

“என் கையால வாங்கலன்னுதான சொன்னேன்.”

“வாய மூடும். இருபத்தாறு வருஷ சர்வீஸ்ல எனக்கு இப்பிடி ஒரு மரியாத கெடச்சதில்ல.”

பஸ்ஸில் வரும் வழியெல்லாம் செலியை என்னென்ன கேட்க வேண்டும் என்று ஒத்திகை பார்த்தேன். கோவில்பட்டி வரும்போது அது நல்ல காரமாக இருந்தது.

வீட்டுக்கு வந்ததும், “நீ கையெழுத்துப் போட்டு வாங்குனியா?” என்றேன்.

“ஆமா.”

“ஏன்?”

“அந்த மனுசன் மூணு நாளா வெயில்ல வந்துட்டுப் போறாரு. தபால்னா யாராவது வாங்கணும்ல?”

“எங்கிட்டச் சொல்ல வேண்டாமா?”

“அன்னைக்கே சொன்னேன். டிவி சத்தத்தக் கூட்டுனீக. மறுநாள் சொன்னேன், தலைவலிங்கீக. போன மாசம் மனுவ வச்சுக்கிட்டுச் சொல்ல வந்தேன்.”

நான் கத்தினேன். என்ன கத்தினேன் என்று எழுத மாட்டேன், வக்கீல் படிப்பார். அவள் முடியும் வரை காத்திருந்தாள். பிறகு பீரோவைத் திறந்து ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்து மேசையில் வைத்தாள். உள்ளே வங்கியின் நோட்டீஸ், ஒரு கடிதத்தின் நகல், தபால் ரசீது, வங்கியின் முத்திரையோடு ஓர் ஒப்புகை அட்டை.

“நா பதிலும் போட்டேன்” என்றாள். “பிப்ரவரி பத்தாம் தேதி. நோட்டீஸ்லயே ஆட்சேபன இருந்தா எழுதலாம்னு போட்டிருந்துச்சு. அவங்க பன்னெண்டாம் தேதி வாங்கிட்டாங்க. இது வரைக்கும் பதிலு வரல.”

அட்டையை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன், முத்திரை நிஜம்தான்.

மே 22, வெள்ளி

உறையை எடுத்துக்கொண்டு மறுபடி மதுரை. நெல்லைநாயகம் முதல் பக்கத்தை வாசித்தபோது நின்றுகொண்டிருந்தார், ஒப்புகை அட்டையைப் பார்த்ததும் உட்கார்ந்துவிட்டார்.

“ஓய், இத வச்சுக்கிட்டா நீரு நோட்டீஸ் வரலைன்னு கேஸ் போட்டீரு?”

நோட்டீஸுக்குக் கடன்காரர் ஆட்சேபம் எழுதினால் வங்கி பதினைந்து நாளுக்குள் காரணம் சொல்லிப் பதில் எழுதியே ஆக வேண்டுமாம். எழுதாமல் சுவாதீனம் எடுத்தால் அதற்கு மேல் செய்தது நிற்காதாம். பெரிய கோர்ட்டுகளே சொல்லியிருக்கின்றனவாம். நாங்கள் போட்ட மனு மெய்யென்றால் இந்தக் கடிதம் இருக்க முடியாது. கடிதம் நிற்க வேண்டுமென்றால் நாங்கள் போட்ட மனு பொய்.

“ஒம்ம வீட்டம்மா எங்க?” என்றார். “இனிமே எனக்கு அவங்கதான் கட்சிக்காரங்க.”

மே 25, திங்கள்

மனுவில் சேரச் செலி சம்மதித்தாள். ஒரே நிபந்தனை. ஆறாம் பத்தியை எடுக்க வேண்டும். எடுப்பதற்கான காரணத்தை நான் என் பெயரில், உண்மையாக, தனியாக எழுதித் தர வேண்டும்.

“வக்கீல் ஏதாச்சும் மழுப்பி எழுதிருவாரு செலி.”

“மழுப்ப வேண்டாம்.”

நெல்லைநாயகம் தட்டச்சு செய்து நீட்டியதை இங்கே அப்படியே எழுதுகிறேன்: ‘தபால்காரர் வந்த நாட்களில் நான் வேண்டுமென்றே மறைந்திருந்தேன். என் மனைவி நோட்டீஸைப் பெற்றதை என்னிடம் சொல்ல முயன்றபோதெல்லாம் நான் கேட்கவில்லை. அதற்காக மன்னிப்புக் கோருகிறேன்.’ அரசாங்கப் பத்திரத்தில் முத்திரையோடு, ஒரு கம்பெனி முதலாளி இப்படி எழுதிக் கொடுக்கிறான். நல்லவேளையாக எந்த அறைக்குள் மறைந்திருந்தேன் என்பதை விட்டுவிட்டார். ஏலத்துக்கு இன்னும் பதினெட்டு நாள் இருந்தது. கையெழுத்துப் போட்டேன்.

மே 28, வியாழன்

நீதிபதி அம்மா முதலில் என் மன்னிப்பை வாசித்தார். வாசிக்கும்போது உதடு கொஞ்சம் அசைந்தது, சிரிப்பா என்று தெரியவில்லை. பிறகு செலியின் கடிதத்தை எடுத்தார். இரண்டு பக்கம். அதை முழுவதும் வாசித்தார், முதல் பக்கத்துக்குத் திரும்பி இன்னொரு தடவையும் வாசித்தார்.

“இதுக்குப் பதில் அனுப்பினீங்களா?” என்று வங்கி வக்கீலிடம் கேட்டார்.

அந்தப் பெண் கோப்பை முன்னும் பின்னும் புரட்டினாள். கடிதம் கோப்பில் இருந்தது. ஓட்டை போட்டு, அழகாகக் கோத்து, வரிசை எண் கூடக் கொடுத்திருந்தார்கள். பதில்தான் இல்லை. என் ஊர்க்காரர்களாவது தபாலை வாங்குவதில்லை. இவர்கள் வாங்கி வைத்துக்கொண்டு படிப்பதில்லை.

உத்தரவு: சுவாதீன நடவடிக்கை ரத்து. ஜூன் 12 ஏலம் ரத்து. வங்கி அந்தக் கடிதத்தை எழுதியவரை நேரில் கூப்பிட்டுக் கேட்டு, காரணத்தோடு பதில் தர வேண்டும். அதுவரை எதையும் தொடக் கூடாது. கூடவே, பொய்ப் பிரமாணத்துக்காக நான் இலவசச் சட்ட உதவி மையத்துக்கு ஐயாயிரம் கட்ட வேண்டும்.

வெளியே வந்ததும் நெல்லைநாயகம் செலியைக் கையெடுத்துக் கும்பிட்டார். என்னிடம், “கடன் தீந்துட்டுன்னு நெனச்சிராதேயும். மூச்சு விட நேரம் கெடச்சிருக்கு, அம்புட்டுதான்” என்றார். செலிக்கு ஒரு தேங்காய் பன் வாங்கிக் கொடுத்தேன். பாதியைப் பிய்த்து என்னிடம் நீட்டினாள்.

மே 30, சனி

ஊரே அந்தக் கடிதத்தைப் படித்துவிட்டது. வக்கீல், அவருடைய குமாஸ்தா, வங்கி வக்கீல், நீதிபதி. நான் மட்டும் படிக்கவில்லை. கேட்க வீம்பு. இன்று அவள் மீன் வாங்கப் போயிருந்தபோது எடுத்து வாசித்தேன். பாதியை இங்கே எழுதுகிறேன்.

‘கடன் வாங்கியது உண்மை. பத்து மாதமாகத் தவணை சரியாகக் கட்டாததும் உண்மை. வருடத்தில் இரண்டு மாதம் படகு போகாது என்பது கடன் கொடுக்கும்போதே உங்களுக்குத் தெரியும். அந்த இரண்டு மாதத்துக்கும் சேர்த்துத் தவணை போட்டிருக்கிறீர்கள். அதைப் பத்து மாதத்தில் பிரித்துக் கேட்டால் எங்களால் கட்ட முடியும்.

‘வீட்டை வைத்த காகிதத்தைப் படித்துப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட்டேன். என்னை யாரும் ஏமாற்றவில்லை. என் கணவரும் ஏமாற்றுக்காரர் இல்லை. முப்பது வருடத்தில் நடுவில் உறையாமல் தண்ணீர் நிற்கும் ஒரு ஐஸ் பாரைக் கூட அவர் படகுக்கு ஏற்றியதில்லை. பயம் வந்தால் அவர் சத்தம் போடுவார், கேலி பேசுவார், தபால் வாங்க மாட்டார். அதைத் திமிர் என்று நீங்கள் எடுத்துக்கொள்ள வேண்டாம். அவர் இப்போது மிகவும் பயந்து போயிருக்கிறார்.’

பிப்ரவரி பத்தாம் தேதி எழுதியிருக்கிறாள். அன்று நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று யோசித்துப் பார்த்தேன். ஞாபகம் இல்லை. வழக்கம்போல எதையாவது கேலி பேசிக்கொண்டிருந்திருப்பேன்.

எனக்கு வெட்கமாக இருந்தது. வேறு வார்த்தை தேடிப் பார்த்தேன், இல்லை. கடிதத்தை மடித்து இருந்த மாதிரியே வைத்துவிட்டேன். அவள் சாளை மீனோடு வந்தாள். ஆய்ந்து கொடுக்கட்டுமா என்று கேட்டேன். இருபத்தெட்டு வருஷத்தில் நான் கேட்டதில்லை என்பதால் கொஞ்சம் சந்தேகமாகப் பார்த்துவிட்டுக் கத்தியைத் தந்தாள்.

ஜூன் 9, செவ்வாய்

வங்கியில் கூப்பிட்டிருந்தார்கள். அழைப்பு செலியின் பெயருக்குத்தான். நான் ஸ்கூட்டர் ஓட்டிப் போனவன் என்ற முறையில் உள்ளே விட்டார்கள்.

பசை வாளிக்காரரோடு வந்த அதே பெரிய அதிகாரி. இன்று நாற்காலி போட்டு, தண்ணீர் கொடுத்து, “உக்காருங்க மேடம்” என்றார். செலி ஒரு காகிதத்தை எடுத்துத் தடைக்காலம் போக மீதி பத்து மாதம், எந்தெந்த மாதம் படகு வரத்து அதிகம், எதில் குறைவு என்று வரிசையாகச் சொன்னாள். எப்போது இதையெல்லாம் கவனித்தாள் என்று தெரியவில்லை. அதிகாரி இரண்டு இடத்தில் மறுத்தார், ஒரு இடத்தில் அவள் விட்டுக்கொடுத்தாள். அபராத வட்டியைத் தள்ளுபடி செய்ய மேலிடத்துக்கு எழுதுவதாகச் சொன்னார். முதல் தவணை ஜூலை கடைசியில். தவறினால் மறுபடி முதலிலிருந்து நோட்டீஸ், இந்த முறை வங்கியின் பக்கம் ஓட்டை இருக்காது என்றும் சிரித்துக்கொண்டே சொன்னார். சிரிப்பு பொய், சொன்னது மெய்.

நான் வாயே திறக்கவில்லை. திறந்தால் கேலிதான் வரும் என்று தெரியும்.

கடைசியில் ஒரு படிவத்தை எடுத்தார். “இனிமே நோட்டீஸ், ஸ்டேட்மெண்ட் எல்லாம் யார் பேருக்கு அனுப்பணும்? பழைய அனுபவத்த வச்சுப் பாத்தா மேடம் பேருக்கே போட்டுரலாம். அதான் எங்களுக்கும் நல்லது.” என்னைப் பார்க்காமல்தான் சொன்னார். பேனா செலியின் பெயரில் முதல் எழுத்தைக் கூடப் போட்டுவிட்டது.

நியாயம்தான் என்று எனக்கும் பட்டது. தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

“அத அடிச்சிருங்க சார்” என்றாள் செலி. “அவுக பேருக்கே அனுப்புங்க. இனிமே வாங்கிக்கிடுவாக.”

அதிகாரி என்னைப் பார்த்தார். செலி பார்க்கவில்லை. அவள் கைப்பையை மூடிக்கொண்டிருந்தாள், அதைப் பற்றி இனிப் பேச ஒன்றுமில்லை என்பது போல. ஆமாம் என்று சொல்ல இரண்டு தடவை முயன்றேன், மூன்றாவது தடவைதான் குரல் வந்தது.